கடலில்லாச் சீமையில் பேய்க்கணவாய்: ஒரு வாரக் குறிப்புகள்

திங்கள், உக்கடம்

கோயம்புத்தூரில் ஆக்டோபஸை, மார்க்கெட் பேச்சில் பேய்க்கணவாயை, கையில் எடுத்துப் பார்க்க வேண்டுமென்றால், விடிவதற்கு முன்பே உக்கடம் மொத்த மீன் மார்க்கெட்டுக்குப் போய்விட வேண்டும். வெளிச்சம் வந்தபின் பெட்டிகள் சில்லறைக் கடைகளுக்குக் கிளம்பிவிடும். மத்தி, அயிலை, சங்கரா எப்போதும் கிடைக்கும். ஆக்டோபஸ் எல்லா நாளும் வராது. வந்தாலும் ஊசிக்கணவாய், ஓட்டுக்கணவாய்ப் பெட்டிகளோடு கலந்து கொஞ்சம்தான் கிடக்கும். "பேய்க்கணவாய் இருக்குதுங்களா?" என்று கேட்டால் ஐஸைத் தள்ளிவிட்டு எடுத்துக் காட்டுவார்கள்.

இந்த வாரம் முழுக்கக் கொங்கு நாட்டுக்குள்தான் சுற்றப் போகிறோம். பவளப்பாறையையும் அதன் ஓரத்துக் கடற்புல்வெளியையும் நம்பி வாழும் சின்ன ஆக்டோபஸ்களைப் பற்றிய குறிப்புகள் இவை. கோவை, திருப்பூர், ஈரோட்டில் வீட்டில் கடல்நீர்த் தொட்டி வைத்திருப்பவர்கள் உண்டு. அவர்களில் சிலருக்கு ஆக்டோபஸ் மேல் ஆசை வருகிறது. பாலிதீன் பையில் உள்ளங்கை அளவு ஒன்று வரும், "குட்டிங்க, வளரும்" என்று சொல்லி விற்பார்கள், இரண்டு மூன்று மாதத்தில் அது செத்துப்போகும். பழி தண்ணீர் மேல் விழும். பல நேரம் தண்ணீரில் குற்றமே இருக்காது. வந்தது குட்டியே அல்ல, வாழ்ந்து முடிக்கப்போகும் முதிர்ந்த உயிர். இதைப் பிரித்தறியக் கற்றுக்கொள்ள மார்க்கெட்டின் ஐஸ் பெட்டியை விட நல்ல இடம் கிடையாது.

நம் கரைகளில் இறங்கும் ஆக்டோபஸ்களில் நான்கு இனங்களை அடையாளம் கண்டால் போதும். கண்ணுக்கும் கையின் அடிப்பகுதிக்கும் நடுவே பக்கத்துக்கு ஒன்றாக வளையமிட்ட கரும்புள்ளி தெரிந்தால் ஆம்ஃபியாக்டோபஸ் நெக்லெக்டஸ். புள்ளி இல்லாமல், உடம்பெங்கும் கருநிற நரம்பு வலையோடி, கண்ணுக்குக் கீழே வெளிறிய முக்கோணம் இருந்தால் ஆம்ஃபியாக்டோபஸ் மார்ஜினேட்டஸ். வலைக்கோலம் மட்டும் இருந்து முக்கோணமும் புள்ளியும் இல்லையென்றால் ஆம்ஃபியாக்டோபஸ் ஈஜினாவாக இருக்கலாம். கைகளுக்கு நடுவிலுள்ள சவ்வின் அடியில் விரல் நுனி நுழையும் சின்னச் சின்னப் பைகள் இருந்தால் சிஸ்டோபஸ் இண்டிகஸ். இவை பெரும்பாலும் மணலிலும் சேற்றிலும் இழுக்கும் வலைகளில் விழுபவை. பாறை இடுக்கில் வாழும் இனங்கள் இழுவலையில் அரிதாகத்தான் சிக்கும். ஆனால் உறுப்பமைப்பு எல்லாவற்றுக்கும் ஒன்றே.

ஆணா பெண்ணா என்று பார்க்க: உடற்பை (தலைக்குப் பின்னால் பை போல இருக்கும் உடம்பு) உங்கள் பக்கமும் கைகள் எதிர்ப்பக்கமும் கண்கள் மேலேயும் இருக்கும்படி தட்டில் வையுங்கள். முன்நடுவிலிருந்து வலப்பக்கமாக எண்ணினால் வரும் மூன்றாவது கைதான் முக்கியம். ஆணுக்கு அது மற்றக் கைகளை விடச் சற்றுக் குட்டையாக, ஓரத்தில் ஒரு வாய்க்கால் ஓடி, நுனியில் உறிஞ்சிகளே இல்லாமல் வழவழவென்று முடியும். விந்துப் பொட்டலத்தைப் பெண்ணின் உடற்பைக்குள் கொண்டுபோய் வைப்பது அந்தக் கைதான். பெண்ணுக்கு எட்டுக் கைகளிலும் நுனிவரை உறிஞ்சிகள் இருக்கும். கையின் நடுவில் சில உறிஞ்சிகள் மட்டும் திடீரென்று பெரிதாக இருந்தால், அது வயதுக்கு வந்த ஆண். இந்த ஒரு சோதனை தெரிந்திருந்தால் உள்ளங்கை அளவு உயிரைக் "குட்டி" என்று யாரும் தலையில் கட்ட முடியாது.

உடற்பையைக் கீழ்ப்பக்கமாகக் கீறினால் இரண்டு செவுள்கள் தெரியும். ஒவ்வொரு செவுளின் அடியிலும் ஓர் இதயம், நடுவே உடம்புக்கெல்லாம் ரத்தம் தள்ளும் மூன்றாவது இதயம். ரத்தத்தில் இரும்புக்குப் பதில் தாமிரம் இருப்பதால் ஆக்சிஜன் ஏறும்போது நீலமாகும். இந்த ரத்தம் நம்முடையதைப் போல் ஆக்சிஜனை நிறையச் சுமக்காது. அதனால்தான் ஆக்டோபஸ் சீக்கிரம் களைத்துப்போகும், ஆக்சிஜன் குறைந்த தண்ணீரில் மீனுக்கு முன்பே தவிக்கும். மைப்பை செரிமானச் சுரப்பியோடு ஒட்டியிருக்கும், கீறும்போது கவனம். கைகளின் நடுவில் அழுத்தினால் அலகு வெளியே வரும். உடம்பிலேயே கெட்டியான பாகம் அதுதான். அலகு நுழையும் ஓட்டையில் முழு ஆக்டோபஸும் நுழைந்துவிடும். தொட்டி மூடி விஷயத்தில் இது திரும்ப வரும்.

செவ்வாய், திருப்பூர்

தொட்டிக்குக் கடல்நீர் கலக்க, சவ்வில் வடித்து உப்பு நீக்கிய ஆர்ஓ தண்ணீர் வேண்டும். திருப்பூர்க்காரர்களுக்கு ஆர்ஓ பற்றி வகுப்பெடுக்கத் தேவையில்லை. 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்ன பிறகு, கழிவுநீரை வெளியே விடாமல் சுத்திகரித்துத் திரும்ப எடுப்பது இங்கே தொழிலின் ஒரு பாகமாகிவிட்டது. ஆனால் பட்டறை ஆர்ஓ வேறு, சமையலறைச் சுவரில் தொங்கும் ஆர்ஓ வேறு. ஆக்டோபஸ் தொட்டிகள் கெடுவது பெரும்பாலும் இரண்டாவதால்.

கணக்கைப் பாருங்கள். ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரின் டிடிஎஸ், அதாவது ஒரு லிட்டரில் கரைந்திருக்கும் உப்புகளின் மில்லிகிராம் அளவு, 2000 என்று வையுங்கள். நல்ல சவ்வு 95 சதவீதத்தைத் தடுத்தாலும் 100 மிச்சம். அந்த நூறில் என்ன இருக்கிறது என்று மீட்டர் சொல்லாது. அதனால் ஆர்ஓவுக்குப் பின்னால், மிச்ச அயனிகளையும் பிடித்துக்கொள்ளும் டிஐ பிசின் குழாய் ஒன்று வேண்டும், வெளியே வரும் தண்ணீர் 0 காட்ட வேண்டும். வீட்டு மிஷினில் "சுவைக்காக" ஒரு திருகு இருக்கும். அது பச்சைத் தண்ணீரைக் கொஞ்சம் கலந்துவிடும் வழி, அதை முழுக்க மூட வேண்டும். மினரல் சேர்க்கும் குழாயைக் கழற்ற வேண்டும். எல்லாவற்றையும் விட மோசமானது இப்போது உடம்புக்கு நல்லது என்று விற்கப்படும் தாமிரக் குழாய். குடிக்கிற மனிதருக்கு எப்படியோ, ஆக்டோபஸுக்கு அது விஷம். ரத்தத்திலேயே தாமிரம் உள்ள உயிருக்குத் தாமிரம் எப்படி விஷமாகும் என்று கேட்பார்கள். ரத்தத்தில் இருப்பது புரதத்துக்குள் பூட்டப்பட்ட தாமிரம். தண்ணீரில் கரைந்திருப்பது கட்டற்ற அயனி, அது நேராகச் செவுளைத் தாக்கும்.

தாமிரம் நுழையும் வழிகள் இங்கே நிறைய. மேல்தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றும் மோட்டாரில் பித்தளை இம்பெல்லர் இருக்கலாம், தொட்டியின் மிதவை வால்வு பித்தளையாக இருக்கலாம். பழைய மீன்தொட்டியை வாங்கினால் முந்தையவர் மீன் நோய்க்குத் தாமிர மருந்து விட்டிருக்கலாம், அது கல்லிலும் சிலிக்கான் ஒட்டிலும் தங்கி மாதக்கணக்கில் கசியும். சோதனைக் குப்பியில் நிறம் மாறும் அளவுக்கு வந்துவிட்டால், அது ஏற்கெனவே அதிகம். பழைய தொட்டியை ஆக்டோபஸுக்கு எடுக்க வேண்டாம் என்பதுதான் எங்கள் கட்சி. கோவைக்காரர்களுக்குச் சிறுவாணித் தண்ணீர் வருவதால் டிடிஎஸ் கவலை குறைவு. ஆனால் குளோரின் உண்டு, சவ்வுக்கு முன்னால் கார்பன் குழாய் இல்லையென்றால் சவ்வே போய்விடும்.

அடுத்தது உப்பு. "தூத்துக்குடிக் கல்லுப்பும் கடல்ல இருந்து வந்ததுதானுங்களே?" என்று எல்லோரும் கேட்கிறார்கள். வந்தது கடலிலிருந்துதான், ஆனால் வழியில் பாதியை விட்டுவிட்டு வந்திருக்கிறது. பாத்தியில் கடல்நீர் வற்றும்போது கால்சியம் முதலில் ஜிப்சமாகப் படிந்துவிடும். அதன்பின் சோடியம் குளோரைடு படிகமாகும். மக்னீசியமும் பொட்டாசியமும் கடைசியில் மிஞ்சும் கசப்புநீரோடு போய்விடும். கடல்நீரில் ஒரு லிட்டருக்கு 1300 மில்லிகிராம் அளவுக்கு மக்னீசியமும் 400ஐ ஒட்டிக் கால்சியமும் பொட்டாசியமும் வேண்டும். கல்லுப்பில் உப்படர்த்தி மீட்டர் சரியாகக் காட்டும், உயிர் பிழைக்காது. தொட்டிக்கென்று விற்கும் கலவை உப்புதான் வழி.

200 லிட்டருக்குக் கலவை உப்பு 7 முதல் 7.5 கிலோ பிடிக்கும். முதலில் தண்ணீர், பிறகு உப்பு. வெறும் வாளியில் உப்பைக் கொட்டி மேலே தண்ணீர் விட்டால் கால்சியம் வெள்ளையாகப் படிந்து வீணாகும். பம்பு போட்டு ஒரு நாள் சுற்றவிட்டு, 25 டிகிரியில் அளக்க வேண்டும். உப்படர்த்தி 35 (ஒரு கிலோ நீரில் 35 கிராம் உப்பு), அதாவது ஒப்படர்த்தி 1.026ஐ ஒட்டி இருந்தால் சரி. அளக்கும் கருவியைச் சாதாரணத் தண்ணீரில் சுழியம் பார்த்து நிறுத்தாமல், 35க்கென்று விற்கும் திரவத்தில் சரிபார்ப்பது நல்லது. தொட்டியில் தண்ணீர் வற்றும்போது உப்பு வற்றாது. அதனால் குறைந்த அளவுக்குத் தினமும் உப்பில்லாத ஆர்ஓ தண்ணீர்தான் ஊற்ற வேண்டும். பங்குனி, சித்திரையில் 200 லிட்டர் தொட்டியில் ஒரு வாரம் இதை மறந்தால், ஆக்டோபஸ் தன் வங்கை, அதாவது ஒண்டியிருக்கும் பொந்தை, விட்டு வெளியே வராமல் உட்கார்ந்துவிடும்.

தொட்டி ஓடத் தொடங்கி இரண்டு மூன்று மாதம் ஆகாமல் உயிரை விடக்கூடாது. ஆக்டோபஸ் தின்பது முழுக்கப் புரதம், அதனால் அமோனியாக் கழிவு மிக அதிகம். அதே எடை மீனுக்குப் போடும் வடிகட்டியைப் போல் இரு மடங்கு போடுங்கள், கழிவை நுரையோடு வெளியேற்றும் நுரைபிரிப்பானும் வையுங்கள். அமோனியா, நைட்ரைட் இரண்டும் பூஜ்யமாக இருக்க வேண்டும். பிஎச் 8.1க்கும் 8.3க்கும் இடையே. வெப்பம் 24 முதல் 26 டிகிரி. கொங்குக் கோடையில் தண்ணீரைக் குளிர்விக்கும் சில்லர் இல்லாமல் இது நடக்காது. சூடேறினால் தண்ணீரில் ஆக்சிஜன் குறையும், உயிருக்குத் தேவை கூடும், இரண்டும் ஒரே நேரத்தில் அடிக்கும். கரண்ட் போனால் தானாக ஓடும் பேட்டரி காற்றுப் பம்பு ஒன்று கட்டாயம்.

பாறை வேண்டுமே என்று கடற்கரையிலிருந்து பவளக்கல் கொண்டுவர நினைக்காதீர்கள். பாறை கட்டும் பவளங்கள் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ளவை, செத்த கல்லானாலும் வைத்திருப்பது குற்றம். மண்டபத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையே 21 தீவுகளைச் சுற்றியுள்ள பகுதி 1986 முதல் கடல்சார் தேசியப் பூங்கா. நமக்குக் கையருகிலேயே மதுக்கரைப் பக்கத்துச் சுண்ணாம்புக்கல் இருக்கிறது. துருக்கறையோ பச்சைக்கறையோ இல்லாத துண்டாகப் பார்த்து, தேய்த்துக் கழுவி, ஒரு மாதம் ஊறவைத்தால் போதும். சிமெண்டில் வார்த்த கல்லென்றால் ஆறு வாரம் தண்ணீர் மாற்றி மாற்றி ஊறவைக்க வேண்டும், இல்லையென்றால் பிஎச் ஏறிவிடும்.

மூடி: கண்ணாடிப் பலகையை மேலே வைத்தால் போதாது, நான்கு பக்கமும் கிளிப் போட்டு இறுக்க வேண்டும். ஒயர் வரும் ஓட்டை, குழாய் வரும் ஓட்டை, எல்லாவற்றிலும் ஸ்பான்ஜ். பம்பு உறிஞ்சும் வாயிலும் ஸ்பான்ஜ், இல்லையென்றால் கை நுனி உள்ளே போய்த் துண்டாகும்.

புதன், காங்கேயம்

திருப்பூரிலிருந்து காங்கேயம் வந்தால் வழியெல்லாம் கொப்பரைக் களங்கள். உடைத்த தேங்காய் மூடிகள் வானத்தைப் பார்த்து வெயிலில் காய்கின்றன. திங்கட்கிழமை உக்கடத்தில் இருந்தால் காட்டியிருக்கலாம் என்று சொல்லும்படியான ஓர் இனத்துக்கு இந்த மூடிகள்தான் வீடு. நரம்பு வலையோடிய அந்த ஆம்ஃபியாக்டோபஸ் மார்ஜினேட்டஸ், கடலில் எறியப்பட்ட தேங்காய்த் தொட்டிகளைத் தேடி எடுத்து, சேற்றைப் பீய்ச்சிக் கழுவி, ஒன்றுக்குள் ஒன்றாக அடுக்கி, அதன்மேல் உட்கார்ந்து, கைகளை விறைப்பாகக் கீழே ஊன்றிச் சுமந்துகொண்டு போகும். தேவைப்படும்போது இரண்டு மூடியையும் கவிழ்த்துச் சேர்த்து உள்ளே புகுந்துகொள்ளும். இந்தோனேசியாவில் 1999 முதல் 2008 வரை ஃபின், ட்ரெஜென்சா, நார்மன் ஆகிய ஆய்வாளர்கள் 500 மணி நேரத்துக்கு மேல் கடலடியில் இருந்து 20 ஆக்டோபஸ்களைக் கவனித்து, 2009இல் இதை எழுதினார்கள். சுமக்கும்போது அந்த மூடியால் ஒரு பாதுகாப்பும் இல்லை, நடையும் தடுமாறுகிறது. பின்னால் தேவைப்படும் என்பதற்காகவே தூக்கிப் போகிறது. கருவியைப் பயன்படுத்துவது என்று அவர்கள் சொன்னதன் அடிப்படை அதுதான்.

இது மணற்பாங்கான இடத்து இனம். பாறைத்திட்டிலும் கடற்புல்லிலும் அதே போல் சின்னதாக வாழ்வது அப்டோபஸ் அக்யூலியேட்டஸ், பாசி ஆக்டோபஸ். உடற்பை 7 சென்டிமீட்டருக்குள், கைகள் 25 வரை. இரண்டு இனமும் பின்பக்கக் கைகள் இரண்டில் மட்டும் நடந்து, மற்ற ஆறையும் மாறுவேடத்துக்கு விட்டுவிடுவதை ஹஃபார்ட், போனிகா, ஃபுல் மூவரும் 2005இல் படம்பிடித்துக் காட்டினார்கள். பொதுவாக ஆக்டோபஸ் வேகமாக நகர்ந்தால் உருமறைப்பு குலைந்துவிடும். பாசி ஆக்டோபஸ் ஆறு கைகளையும் சுருட்டி உயர்த்தி, தோலில் முள்முள்ளாகக் கொம்பெழுப்பி, மிதந்துபோகும் பாசிக் கொத்தாகவே நகர்கிறது. துரத்தும் மீனிடம் ஒரு கையைத் தானாக உதிர்த்துவிட்டு ஓடும் பழக்கமும் இந்தப் பேரினத்துக்கு உண்டு. கை திரும்ப முளைக்கும். ஆகவே ஒரு கை குட்டையான உயிர் வந்தால் அது நோய் அல்ல, ஆனால் வளர்ச்சிக்குப் போக வேண்டிய தீனியில் ஒரு பங்கு அதற்குப் போகும்.

நிறம் மாற்றும் உயிருக்கு நிறம் தெரியாது என்பதையும் இங்கேயே சொல்லிவிடலாம். பெரும்பாலான ஆக்டோபஸ் கண்ணில் ஒளி உணரும் நிறமி ஒரே வகைதான். ஒளியின் முனைவாக்கத்தை, அதாவது ஒளி அலை அதிரும் திசையை, மட்டும் நன்றாகப் பிரித்தறியும். தொட்டிக்கு வண்ண விளக்கு போடுவது பார்ப்பவர்களுக்காக மட்டுமே. இரவில் நடமாடும் இனமாக இருந்தால் மங்கிய சிவப்பு விளக்கு போட்டுப் பார்க்கலாம், அதை அது பெரிதாகப் பொருட்படுத்தாது.

சரி, காங்கேயத்துத் தேங்காய்த் தொட்டியைத் தூக்கி மீன்தொட்டித் தண்ணீரில் போடலாமா? அப்படியே போட்டால் கெடும். நாரில் உள்ள சாயம் தண்ணீரைப் பழுப்பாக்கும், ஒட்டியிருக்கும் பருப்பில் உள்ள எண்ணெய் மேலே படலமாகப் பரவிக் காற்று இறங்காமல் தடுக்கும், இரண்டு நாளில் பாக்டீரியா பெருகித் தண்ணீர் பால் நிறமாகும். முற்றிய காயின் தொட்டியாக எடுத்து, வெளி நாரையும் உட்பருப்பையும் கத்தியால் வழவழவென்று சுரண்டி, நான்கைந்து முறை தண்ணீர் மாற்றிக் கொதிக்கவைத்து, மூன்று வாரம் ஊறப்போட வேண்டும். ஊறிய தண்ணீரில் நிறம் இறங்காதபோதுதான் தயார். அப்படியும் சில மாதத்தில் அது இளகும், மாற்ற வேண்டும். பூச்சு இல்லாத மண்சட்டி இதை விட நல்லது. ஆனால் உயிர் எதை எடுக்கும் என்பது நம் கையில் இல்லை. வாய் சின்னதாக, உள்ளே இருட்டாக, உடம்பு நெருக்கமாகப் பொருந்தும்படி மூன்று நான்கு வங்குகள் வையுங்கள், அதுவே தேர்ந்துகொள்ளும். பெரிய அழகான குகையை விட்டுவிட்டு உடைந்த பிவிசி முழங்கையில் குடியேறினால் வருத்தப்பட வேண்டாம்.

குடியேறிய வங்கைக் கண்டுபிடிப்பது எளிது. வாசலில் நண்டு ஓடும் சிப்பியும் குவிந்திருக்கும். கடலிலும் ஆக்டோபஸ் தேடுபவர்கள் அந்தக் குப்பையைத்தான் முதலில் பார்ப்பார்கள். சிப்பி ஓட்டில் ஊசிமுனை ஓட்டை இருந்தால், அலகால் பிளக்க முடியாமல் துளைபோட்டு, உமிழ்நீர் விஷத்தை உள்ளே இறக்கித் திறந்திருக்கிறது என்று பொருள்.

வியாழன், பவானி

கூடுதுறையில் பவானி காவிரியோடு சேர்கிறது. படித்துறைக் கல்லில் நத்தை ஒட்டியிருக்கிறது, மணலில் மட்டி புதைந்திருக்கிறது. இரண்டும் ஆக்டோபஸின் தூரத்துச் சொந்தம்தான், மெல்லுடலி வகை. நத்தையும் மட்டியும் ஆற்றுக்குள் ஏறி வந்தன. ஆக்டோபஸ், கணவாய் வகையில் ஒன்றுகூட நன்னீருக்கு வரவில்லை. ஆக்டோபஸின் உடல்நீர் கடலின் உப்படர்த்தியிலேயே இருக்கும், அதை வேறாக வைத்துக்கொள்ளும் ஏற்பாடு அதற்கு இல்லை. உப்பு குறைந்த நீரில் விட்டால் தண்ணீர் உடம்புக்குள் ஏறி வீங்கும். மீனுக்கு ஒட்டுண்ணி போக்கச் செய்யும் நன்னீர்க் குளியலை ஆக்டோபஸுக்குச் செய்யக்கூடாது என்பதற்குக் காரணம் இதுவே.

தீனிக்கு மட்டும் ஆறு உதவும். காளிங்கராயன் வாய்க்காலோரத்தில் நண்டு கிடைக்கும், சின்ன இறாலும் கிடைக்கும். உயிரோடு துடிக்கும் இரையைக் கண்டால்தான் புதிதாக வந்த ஆக்டோபஸ் வேட்டைக்கு வெளியே வரும். ஆனால் வாய்க்கால் பாயும் வயலில் பூச்சிமருந்து அடித்திருப்பார்கள், மயில்துத்தம் கலந்து தெளித்திருப்பார்கள். மயில்துத்தம் என்றால் தாமிர சல்பேட், செவ்வாய்க்கிழமை சொன்ன அதே விஷம். பிடித்த நண்டை உடனே போடாமல் மருந்தில்லாத தண்ணீரில் ஒரு வாரம் வைத்து, தினம் தண்ணீர் மாற்றுங்கள். மருந்தடித்த வயலுக்குப் பக்கத்தில் பிடிக்கவே வேண்டாம். நன்னீர் இறால் கடல்நீரில் வெகுநேரம் தாங்காது, தின்னாமல் விட்டதை அன்றே எடுத்துவிட வேண்டும்.

ஆற்றுத் தீனியே முழு உணவாகவும் இருக்கக்கூடாது. கடல் இரையில் உள்ள நீண்ட கொழுப்பு அமிலங்கள் ஆற்று இரையில் குறைவு. வாரத்தில் பெரும்பகுதி கடல் இறால், கடல் நண்டு, மட்டிச்சதை என்று ஐஸில் வந்ததைக் கொடுத்துவிட்டு, இடையில் ஒன்றிரண்டு நாள் ஆற்று நண்டு. ஐஸ் இறாலை ஆர்ஓ தண்ணீரில் உருக்கி, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, குச்சி நுனியில் குத்தி ஆட்டிக் காட்ட வேண்டும். சின்ன இனத்துக்கு ஒரு நாளைக்குத் தன் கண்ணிடைத் தூரத்தைப் போல் இரு மடங்கு நீளமான ஒரு துண்டு போதும். பெரிய நண்டைக் கடிக்கும் கொடுக்கோடு போட்டுவிட்டு வேடிக்கை பார்ப்பவர்கள் உண்டு. அது தேவையில்லாத வேலை.

வெள்ளி, நாமக்கல்

கோழிமுட்டை லாரிகளுக்கு நடுவே நின்று ஆக்டோபஸ் முட்டைக் கணக்குச் சொல்வது பொருத்தமாகத்தான் இருக்கிறது. சின்ன ஆக்டோபஸ்களின் வாழ்க்கை முழுவதும் ஒரே கேள்வியில் அடங்கும்: முட்டை சிறிதா, பெரிதா?

சின்ன முட்டை இனங்கள் அரிசியை விடப் பொடிசான முட்டைகளை ஆயிரக்கணக்கில் சரம்சரமாக வங்கின் கூரையில் ஒட்டும். பெரிய இனமான ஆக்டோபஸ் வல்காரிஸ் லட்சக்கணக்கில் இடும். பொரிந்து வரும் குஞ்சு இரண்டு மூன்று மில்லிமீட்டர் இருக்கும், தரையில் தங்காமல் மேலே மிதந்து, வாரக்கணக்கில் மிதவை உயிர்களைத் தின்று வளர்ந்தபின்தான் பாறைக்கு இறங்கும். பாசி ஆக்டோபஸ் இந்த வகை. வீட்டுத் தொட்டியில் இந்தக் குஞ்சுகள் பிழைக்காது. வடிகட்டி இழுத்துவிடும், அதைத் தப்பினாலும் ஓயாமல் உயிருள்ள நுண்ணிரை வேண்டும். ஆராய்ச்சிக்கூடங்களுக்கே அது கடினம்.

பெரிய முட்டை இனங்கள் சில பத்து முதல் நூற்றுக்கணக்கில்தான் இடும். குஞ்சு பொரிந்த அன்றே எட்டுக் கையோடு தரையில் ஊர்ந்து வேட்டையாடும். தென் ஆஸ்திரேலியாவின் நீல வளைய ஆக்டோபஸ் இந்த வகை, அது முட்டைகளைப் பாறையில் ஒட்டாமல் கைகளுக்கு அடியிலேயே சுமக்கும். பனாமாப் பக்கத்து ஆக்டோபஸ் கியெர்க்கியே இன்னொன்று. பிங்பாங் பந்து அளவு உடம்பு, பெரிய முட்டை. ஒருமுறை ஈன்று சாகாமல், இடைவெளி விட்டு மீண்டும் மீண்டும் இடும். அமெரிக்காவில் வுட்ஸ் ஹோல் கடல் உயிரியல் ஆய்வுக்கூடத்தில் அதைத் தலைமுறை தலைமுறையாக வளர்த்திருக்கிறார்கள். தொட்டியில் இனப்பெருக்கம் செய்ய ஆசைப்பட்டால் பெரிய முட்டை இனம் என்று உறுதியாகத் தெரிந்ததை மட்டும் தேடுங்கள்.

மற்றபடி கிட்டத்தட்ட எல்லா ஆக்டோபஸ்களுக்கும் ஈற்று ஒன்றே, ஆயுளும் அதோடு சரி. பெண் முட்டைகளுக்கு மேல் இருந்து தண்ணீரைப் பீய்ச்சிக் காற்றோட்டம் கொடுக்கும், உறிஞ்சி நுனியால் ஒவ்வொன்றாகத் துடைக்கும், தின்னாது. வெதுவெதுப்பான நீரில் சின்ன முட்டைகள் ஒரு மாதத்தைச் சுற்றிப் பொரியும், பெரிய முட்டைகளுக்கு இரண்டு மாதம்கூட ஆகும். பொரிந்ததும் தாய் சாகும். இது பட்டினியால் வரும் சாவு என்று எண்ணியிருந்தார்கள். கரீபியன் பாறைகளில் வாழும் சின்ன இனமான ஆக்டோபஸ் ஹம்மலின்கியில் ஜெரோம் வோடின்ஸ்கி கண்ணுக்குப் பின்னால் உள்ள இரண்டு சுரப்பிகளை அடைகாக்கும் பெண்களிடமிருந்து எடுத்துப் பார்த்தார். அவை முட்டைகளை விட்டுவிட்டுத் தின்னத் தொடங்கின, எடை கூடின, பல மாதம் அதிகமாக வாழ்ந்தன. 1977இல் வெளிவந்த ஆய்வு அது. பசியை அடைப்பதும் உடம்பைக் கழற்றுவதும் அந்தச் சுரப்பி. எந்த மருந்தும் தீனியும் அதைத் தாண்டி வேலை செய்யாது.

ஆணுக்கும் விடுதலை இல்லை. இந்தோனேசியாவின் சுலவேசித் தீவில் பாசி ஆக்டோபஸ்களைக் கவனித்த ஹஃபார்டும் உடனிருந்தோரும் 2008இல் எழுதியதில், பெரிய ஆண் பெண்ணின் வங்குக்குப் பக்கத்திலேயே வங்கு பிடித்து, கையை மட்டும் நீட்டிச் சேர்ந்து, வரும் ஆண்களை விரட்டுகிறது. சின்ன ஆண் உடம்பில் ஆணுக்குரிய கோடுகளைக் காட்டாமல் தாழ்வாகப் பதுங்கி இடையில் நுழைகிறது. இந்தப் பாடெல்லாம் முடிந்து சில வாரங்களில் ஆணும் மூப்படையும்.

மூப்பின் அறிகுறிகள்: பகலில் காரணமின்றி அலைவது, கை நுனிகள் சுருண்டே கிடப்பது, நிறம் வெளிறி மாற மறுப்பது, தோலில் வெள்ளைப் புண்கள், கண்கள் உள்ளே இறங்குவது, முன்னால் ஆடும் இறாலைத் தவறவிடுவது. தண்ணீர்ச் சோதனை எல்லாம் சரியாக இருந்து இவை தெரிந்தால் மருந்து விடாதீர்கள், தொட்டி மாற்றாதீர்கள். விளக்கைக் குறைத்து, மிருதுவான மட்டிச்சதையை அருகில் வைத்து, தின்னாததை எடுத்துவிடுங்கள். இறந்தால் சில மணி நேரத்துக்குள் வெளியே எடுங்கள், இல்லையென்றால் தொட்டி முழுவதும் கெட்டுவிடும்.

இப்போது திங்கட்கிழமைக் கணக்குக்கு வரலாம். சின்ன இனத்தின் மொத்த ஆயுள் ஓராண்டை ஒட்டியோ அதற்குள்ளோ. மிதந்த காலம், வளர்ந்த காலம், பிடிபட்டு வியாபாரியிடம் கிடந்த காலம் எல்லாம் போக, பெரிய உறிஞ்சி தெரியும் ஆண் உங்கள் வீட்டில் வாழப்போவது சில மாதங்களே. தனியாக வந்த பெண்ணும் பிடிபடுவதற்கு முன்பே சேர்ந்திருக்கலாம், விந்தை உள்ளே சேமித்து வைத்திருந்து பின்னால் கருவுற்ற முட்டையே இடும். விலையைப் பேசும்போது இதை மனதில் வையுங்கள்.

சனி, சிங்காநல்லூர்

தெற்கே இருந்து இரவுப் பேருந்தில் பார்சல் போட்டால் காலையில் சிங்காநல்லூர் பேருந்து நிலையத்தில் எடுக்கலாம். அனுப்புபவரிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டியவை: ஒரு நாள் தீனி நிறுத்தியிருக்க வேண்டும், பையில் மூன்றில் ஒரு பங்கு தண்ணீரும் மீதி ஆக்சிஜனும், பைக்குள் பை, வெளியே தெர்மாகோல் பெட்டி, ஒரு பைக்கு ஓர் உயிர். உள்ளே ஒரு சங்கு ஓடோ சின்னக் குழாயோ இருந்தால் அதில் ஒண்டிக்கொள்ளும், மை கக்குவது குறையும். மை கக்கிய பை என்றால் தண்ணீர் கருத்திருக்கும். அந்தச் சின்ன அளவு நீரில் மை செவுளில் படிந்து மூச்சை அடைக்கும், அப்படி வந்ததை நிதானமாகப் பழக்க நேரமில்லை, உடனே சுத்தமான கடல்நீருக்கு மாற்ற வேண்டும்.

பெட்டியைத் திறக்கும்போதே கையுறை. எல்லா ஆக்டோபஸும் கடிக்கும், பெரும்பாலானவற்றின் கடி கொஞ்சம் வீங்கி அடங்கும். நீல வளைய ஆக்டோபஸ் அப்படியல்ல. ஹபலோக்லீனா பேரினம், அதில் ஓர் இனம் இலங்கை வரை பரவியிருக்கிறது. ஆகவே எங்கோ ஆஸ்திரேலியாவில்தானே என்று இருக்க முடியாது. சும்மா இருக்கும்போது மஞ்சளோ பழுப்போ ஆன ஒரு சின்ன உயிர். சீண்டினால்தான் உடம்பெங்கும் வளையங்கள் நீலமாக மின்னும். அந்த மின்னல் நிறமிப் பையால் வருவதல்ல. வளையத்தை மூடியிருக்கும் தோல் மடிப்பு தசையால் விரிந்து, அடியிலுள்ள ஒளி தெறிக்கும் அணுக்களைக் காட்டுகிறது, அதற்கு ஒரு நொடிகூட ஆவதில்லை. நெக்லெக்டஸின் கண்ணருகுப் புள்ளி பக்கத்துக்கு ஒன்றுதான், இதற்கோ உடம்பும் கையும் முழுக்க வளையங்கள். உமிழ்நீரில் டெட்ரோடோடாக்சின், பேத்தை மீனில் உள்ள அதே விஷம். கடித்தது வலிக்காமலே போகலாம். சில நிமிடத்தில் உதடும் நாக்கும் மரத்து, பேச்சு குழறி, மூச்சுத் தசைகள் நின்றுவிடும், நினைவு மட்டும் இருக்கும். மாற்று மருந்து கிடையாது. கடித்த கையை அழுத்திக் கட்டி அசையாமல் வைத்து, 108க்கு அழைத்து, மூச்சு நின்றால் வெண்டிலேட்டர் கிடைக்கும்வரை வாயோடு வாய் வைத்து ஊதிக்கொண்டே இருக்க வேண்டும். அப்படித் தாண்டியவர்கள் பெரும்பாலும் ஒரு நாளில் தேறுவார்கள். அழகுக்காக இதை வீட்டில் வைக்கும் யோசனைக்கு எங்கள் பதில், வேண்டாம்ங்க.

மற்ற இனமென்றால்: பையை மூடியபடியே தொட்டியில் இருபது நிமிடம் மிதக்கவிட்டு வெப்பத்தைச் சமப்படுத்துங்கள். பிறகு வாளியில் பைத் தண்ணீரோடு விட்டு, காற்றுக்கல் போட்டு, தொட்டித் தண்ணீரைச் சொட்டுக் குழாயில் நொடிக்கு இரண்டு மூன்று சொட்டாக இறக்குங்கள். உப்படர்த்தி இரண்டிலும் ஒன்றாகும்வரை, குறைந்தது ஒன்றரை மணி நேரம். வாளிக்கும் மூடி வேண்டும். மாற்றும்போது வலை போடாதீர்கள், உறிஞ்சிகள் வலையில் சிக்கிக் கிழியும். ஒண்டியிருக்கும் ஓட்டோடு பிளாஸ்டிக் டப்பாவில் அள்ளி விடுங்கள், வாளித் தண்ணீர் தொட்டிக்குள் போகக்கூடாது. அன்றைக்கு விளக்கு வேண்டாம்.

மறுநாள் சாயங்காலம் ஒரு சின்ன நண்டு. இரண்டு நாள் தொடாமல் இருப்பது சகஜம். மூன்றாம் நாளும் தொடாவிட்டால் உப்படர்த்தியையும் அமோனியாவையும் பாருங்கள். இரண்டும் சரியாக இருந்து, அது வங்கை விட்டு வராமல் வாசலைக் கல்லாலும் ஓட்டாலும் உள்ளிருந்தே அடைத்திருந்தால், டார்ச்சைப் பக்கவாட்டில் பிடித்துக் கூரையைப் பாருங்கள். வெள்ளைச் சரம் தொங்கினால் நண்டை வெளியே எடுத்துவிடலாம், அது இனித் தின்னப்போவதில்லை. முட்டை அரிசியை விடப் பொடிசா பெரிசா என்று மட்டும் குறித்துக்கொண்டு, பம்பு வாயிலுள்ள ஸ்பான்ஜை நெருக்கமான துளையுள்ளதாக மாற்றுங்கள்.